கேப்டனாக 14 ஆண்டுகள், ஜெனரலாக 12 ஆண்டுகளில்: இரு உலகப் போர்களிலும் பணியாற்றிய ராணுவ அதிகாரியின் பணி வரலாற்றைத் தொகுப்பது எப்படி

பின்னாளில் பர்மாவில் 14ஆவது ஆர்மிக்குத் தலைமை தாங்கிய வில்லியம் ஸ்லிம் 1919 மே மாதம் பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில் கேப்டன் ஆனார். அடுத்த படியான மேஜர் பதவிக்கு 1933 மே வரை காத்திருந்தார். அதன்பின் 12 ஆண்டுகளில் முழு ஜெனரல். இந்த மூன்று தேதிகளை மட்டும் வைத்து எழுதுபவர், அவரை முதலில் ஓரங்கட்டினார்கள், பிறகு போர் தூக்கிவிட்டது என்று எழுதிவிடுவார். அன்றைய இந்திய ராணுவத்தில் பதவி உயர்வு பெரும்பாலும் சேவைக் காலக் கணக்கில் நடந்தது. 18 ஆண்டுகளில் மேஜர் என்பது விதி. ஸ்லிம் அந்த வரிசையில்தான் நின்றார். ஆண்டுகளை எண்ணுவதற்கு முன் விதியைத் தெரிந்துகொள்ளாவிட்டால், சரியான தேதிகளே தவறான கதையைச் சொல்லும்.

இந்த வழிகாட்டி, தமிழில் ராணுவ வாழ்க்கை வரலாறு எழுதுபவர்களுக்கும், குடும்பத்தில் ஒரு பழைய அதிகாரியின் தடத்தைத் தேடுபவர்களுக்கும் பயன்படும். ஆவணங்கள் நிறைய இருப்பதாலும், ஏறக்குறைய எல்லாச் சிக்கலும் அவர் பணியில் ஒருமுறையாவது வருவதாலும் ஸ்லிம்மை எடுத்துக்காட்டாக வைத்துக்கொள்கிறோம்.

முதலில் அட்டவணை

தேடலைத் தொடங்கும் முன் ஏழு பத்திகள் (நெடுவரிசைகள்) கொண்ட அட்டவணை ஒன்றைப் போடுங்கள்: நடைமுறைக்கு வந்த தேதி, அறிவிக்கப்பட்ட தேதி, பதவித் தரம், தரத்தின் வகை, வகித்த பொறுப்பு, அலகும் இடமும், சான்று. ஆண்டுக்கு ஒரு வரியாவது இருக்கட்டும். 1914 முதல் 1948 வரை என்றால் 35 வரிகள். தகவல் கிடைக்காத வரிகளை அழிக்காமல் வெறுமையாகவே விட்டுவையுங்கள். எங்கே தேட வேண்டும் என்பதை அவைதான் காட்டும்.

தரமும் பொறுப்பும் தனித்தனிப் பத்தியில் இருக்க வேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்காதீர்கள். 'மேஜர்' என்பது தரம். 'அட்ஜுடன்ட்' (பட்டாலியன் தளபதியின் நிர்வாக உதவியாளர்), 'பட்டாலியன் தளபதி', 'டிவிஷன் தளபதி' என்பவை பொறுப்புகள். போர்க்காலத்தில் இவை இரண்டும் ஒன்றாக நகர்வதில்லை. ஒருவர் பொறுப்பை ஏற்ற நாளில் அதற்குரிய தரம் தற்காலிகமாக வரும், பொறுப்பு போனால் தரமும் போகும். இரண்டையும் ஒரே பத்தியில் கலந்து எழுதினால், 'பதவி இறக்கப்பட்டார்' என்று நடக்காத ஒன்றை எழுதும் நிலை வரும்.

அலகுகளை எழுதும்போது எல்லாவற்றுக்கும் 'படைப்பிரிவு' என்று போடாமல் பட்டாலியன், பிரிகேட், டிவிஷன், கோர், ஆர்மி என்றே பிரித்து எழுதுங்கள். ஒரு காலாட்படை பட்டாலியன் சுமார் 800 பேர். மூன்று அல்லது நான்கு பட்டாலியன்கள் ஒரு பிரிகேட், மூன்று பிரிகேடுகள் ஒரு டிவிஷன், அதற்கு மேல் கோரும் ஆர்மியும். ஸ்லிம் 1940-இல் தலைமை தாங்கியது 10ஆவது இந்திய பிரிகேட். 1941-இல் 10ஆவது இந்திய டிவிஷன். எண் ஒன்றுதான், இரண்டும் வேறு அமைப்புகள். அந்த பிரிகேட் 5ஆவது இந்திய டிவிஷனுக்குள் இருந்தது. அளவைக் குறிக்காமல் எழுதியவர்கள் இந்த இடத்தில் தவறாமல் சறுக்குகிறார்கள்.

எலும்புக்கூடு: கெஜட்டும் ஆர்மி லிஸ்டும்

ஒவ்வொரு அதிகாரியின் நியமனம், பதவி உயர்வு, விருது, ஓய்வு எல்லாம் பிரிட்டிஷ் அரசின் அதிகாரபூர்வ இதழான லண்டன் கெஜட்டில் அச்சாகும். அதன் பழைய இதழ்கள் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. தேடும் முறை இது.

1. பெயரை மூன்று வடிவங்களில் தேடுங்கள்: முழுப்பெயர், முதலெழுத்துகளும் குடும்பப்பெயரும், குடும்பப்பெயர் மட்டும். கெஜட்டில் பெரும்பாலும் முதலெழுத்துகள்தான் இருக்கும்.

2. ஸ்கேன் செய்த பக்கங்களை எழுத்தாக மாற்றும் மென்பொருள் சிறிய அச்சில் தடுமாறும். பெயர் அகப்படவில்லை என்றால் ரெஜிமென்டின் பெயரைத் தேடி, நீங்கள் எதிர்பார்க்கும் தேதிக்குப் பின்னான ஆறு மாதப் பக்கங்களைக் கண்ணால் பாருங்கள். போர்க்காலத்தில் அறிவிப்புகள் மாதக்கணக்கில் பிந்தும்.

3. இந்திய ராணுவ அதிகாரியின் அறிவிப்புகள் போர் அலுவலகத் தலைப்பின் கீழ் இருக்காது. இந்தியா அலுவலகம் என்ற தலைப்பின் கீழ் தனியாக வரும். பிரிட்டிஷ் ராணுவப் பக்கங்களை மட்டும் புரட்டிவிட்டு 'பதிவே இல்லை' என்று கைவிடுபவர்கள் இதைத் தெரியாதவர்கள்.

4. இதழ் எண், பக்க எண், வெளியான தேதி மூன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். அறிவிப்புக்குள் இருக்கும் நடைமுறைத் தேதியைத் தனிப் பத்தியில் எழுதுங்கள்.

5. பின்வரும் மாதங்களில் திருத்த அறிவிப்பு வந்ததா என்று பாருங்கள். 'முந்தைய அறிவிப்புக்குப் பதிலாக' என்று தொடங்கும் இரண்டு வரித் திருத்தம் மூப்புத் தேதியையே மாற்றிவிடும்.

கெஜட் மாற்றங்களை மட்டுமே சொல்லும். குறிப்பிட்ட ஒரு நாளில் நிலை என்ன என்பதை, அதிகாரிகளின் அச்சிட்ட பெயர்ப் பட்டியலான ஆர்மி லிஸ்ட் சொல்லும். பிரிட்டிஷ் ஆர்மி லிஸ்டுகளை ஸ்காட்லாந்து தேசிய நூலகம் எண்மமாக்கி வைத்திருக்கிறது. இந்திய ஆர்மி லிஸ்டுகள் தனி வெளியீடு. இரண்டையும் ஐந்து ஆண்டு இடைவெளியில் ஒவ்வொன்று எடுத்து, கெஜட்டில் திரட்டியதோடு ஒத்துப்பாருங்கள். ஒத்துப்போகாத இடைவெளியில் மட்டும் ஆண்டுவாரியாக இறங்கினால் போதும்.

ஒரு எச்சரிக்கை: லிஸ்டில் ஒருவரின் பெயர் எந்த ரெஜிமென்டின் கீழ் இருக்கிறதோ, அங்கேதான் அவர் பணியாற்றினார் என்று பொருள் அல்ல. ஸ்லிம் 1914 ஆகஸ்ட் 22 அன்று ராயல் வாரிக்‌ஷயர் ரெஜிமென்டின் 9ஆவது பட்டாலியனில் தற்காலிக இரண்டாம் லெப்டினன்டாகச் சேர்ந்தார். அந்த நியமனம் போர் முடியும் வரைக்கானது. 1916-இல் நிரந்தர நியமனம் கிடைத்தது மேற்கிந்திய ரெஜிமென்டில். ஆனால் அதே ஆண்டில் அவர் மெசபடோமியாவில் (இன்றைய ஈராக்) பழைய 9ஆவது வாரிக்‌ஷயர் பட்டாலியனோடு இருந்தார். தாய் ரெஜிமென்ட் ஒன்று, இணைக்கப்பட்ட அலகு வேறொன்று. லிஸ்டை மட்டும் நம்பினால் அவரைக் கரீபியனுக்கு அனுப்பிவிடுவோம்.

தரத்தின் வகைகள்

பொறுமையைக் கோரும் பகுதி இது. பெரும்பாலான பிழைகள் இங்கேதான் பிறக்கின்றன.

நிலையான தரம் ஒருவருக்கே உரியது, காரணமின்றிப் பறிபோகாது. தற்காலிகத் தரமும் செயல் தரமும் பொறுப்போடு வந்து பொறுப்போடு போகும். செயல் தரம் முதலில் வரும், குறிப்பிட்ட காலம் நீடித்தால் தற்காலிகத் தரமாக மாறும். உள்ளூர்த் தரம் ஓர் இடத்துக்கோ பணிக்கோ மட்டும் பொருந்தும், சம்பளம் உயராமலும் இருக்கலாம். இரண்டாம் உலகப் போரில் 'போர்க்கால நிலைத் தரம்' என்று ஒன்று சேர்ந்தது. மேல் தரத்தில் தற்காலிகமாகச் சில காலம் இருந்தவருக்கு அதற்குக் கீழான தரம் போர் முடியும்வரை உறுதியாகும். ஆகவே ஒரே நாளில் ஒருவருக்கு மூன்று தரங்கள் இருக்க முடியும். மூன்றையும் எழுதுங்கள்.

பிரெவெட் தரம்தான் அதிகம் குழப்புவது. சிறப்பாகப் பணியாற்றியவருக்கு ராணுவம் முழுவதற்குமான மேல் தரத்தை முன்கூட்டியே கொடுத்துவிட்டு, ரெஜிமென்டுக்குள் பழைய தரத்திலேயே வைத்திருக்கும் ஏற்பாடு அது. ஸ்லிம் 1930-இல் பிரெவெட் மேஜர். நிலையான மேஜர் ஆனது 1933 மே 19. ஒரே தரத்துக்கு இப்படி இரண்டு தேதிகள் வரும். அச்சுப்பிழை என்று நினைத்து ஒன்றை அழித்துவிடாதீர்கள். அவருடைய மூப்பு 1915 மே மாதத்திலிருந்து கணக்கிடப்பட்டதால், 18 ஆண்டு விதிப்படி 1933 சரி. 1930 என்பது மேலிடம் அவரை முன்பே அடையாளம் கண்டுவிட்டது என்பதற்கான சான்று. அமைதிக்கால வாழ்க்கையில் இப்படிப்பட்ட தடயங்கள் குறைவு என்பதால் பிரெவெட் தேதிகளைத் தங்கமாகப் போற்றுங்கள்.

பிரிகேடியர் பற்றியும் ஒரு குறிப்பு. முதல் உலகப் போரில் பிரிகேடுகளுக்குத் தலைமை தாங்கியவர்கள் பிரிகேடியர் ஜெனரல்கள். போருக்குப் பின் அந்தப் பெயர் கைவிடப்பட்டது. சில ஆண்டுகள் கர்னல் கமாண்டன்ட் என்றிருந்து, 1928 முதல் பிரிகேடியர் ஆனது. 1916-ஐச் சேர்ந்தவரைப் பிரிகேடியர் என்றும், 1940-ஐச் சேர்ந்தவரைப் பிரிகேடியர் ஜெனரல் என்றும் எழுதக்கூடாது.

போர் நாட்குறிப்புகளைப் படிப்பது

கெஜட் தரத்தைச் சொல்லும், மனிதர் அந்த நாளில் எந்த மேட்டில் நின்றார் என்று சொல்லாது. அதைச் சொல்வது வார் டைரி. களத்தில் இருந்த ஒவ்வொரு பட்டாலியனும் பிரிகேடும் டிவிஷனும் சி.2118 என்ற படிவத்தில் நாள்தோறும் இதை எழுதின. இடம், தேதி, நேரம், நிகழ்வுச் சுருக்கம், குறிப்புகள் என்பவை அதன் பத்திகள். பட்டாலியனில் பெரும்பாலும் அட்ஜுடன்ட் எழுதுவார்.

முதல் உலகப் போர் டைரிகள் லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் டபிள்யூஓ (போர் அலுவலகம்) 95 என்ற தொடரில் இருக்கின்றன. பெரும்பகுதி எண்மமாக்கப்பட்டுவிட்டது. இந்திய அலகுகளும் இதே தொடரில்தான். தேட, அலகு எந்த டிவிஷனில் எந்த பிரிகேடில் இருந்தது என்று முதலில் தெரிய வேண்டும், அடுக்கு அப்படித்தான் அமைந்திருக்கிறது. ஸ்லிம்முக்கு: 13ஆவது டிவிஷன், 39ஆவது பிரிகேட், 9ஆவது ராயல் வாரிக்‌ஷயர்.

1915 ஆகஸ்டில் துருக்கியின் கல்லிப்போலியில் சாரி பைர் முகட்டுக்கான சண்டையில் அவர் காயமடைந்தார். அதே சரிவில் 6ஆவது கூர்க்கா ரைபிள்ஸின் முதல் பட்டாலியன் முகட்டை எட்டியது. அந்த பட்டாலியன் 29ஆவது இந்திய பிரிகேடைச் சேர்ந்தது. பின்னாளில் ஸ்லிம் விரும்பிச் சேர்ந்ததும் அந்தக் கூர்க்கா பட்டாலியனில்தான். ஆகவே இங்கே ஒரே டைரியைப் படித்தால் போதாது, பக்கத்து அலகின் டைரியையும் எடுக்க வேண்டும். ஒரு நாள் நிகழ்வுக்குக் குறைந்தது மூன்று டைரிகள்: அவருடைய அலகு, பக்கத்து அலகு, மேலே உள்ள பிரிகேட்.

டைரியில் அதிகாரியின் பெயர் எப்போது வரும்? சேர்ந்தபோது, காயம்பட்டபோது, விடுப்பில் போனபோது, விருது வந்தபோது. மற்ற நாட்களில் வராது. பெயர் இல்லை என்பதால் ஆள் இல்லை என்று முடிவு கட்டாதீர்கள். மாத இறுதிப் பின்னிணைப்பில் அதிகாரிகள் பட்டியல் இருக்கக்கூடும். நகல் கேட்கும்போது பின்னிணைப்புகளையும் சேர்த்துக் கேளுங்கள், பலர் இதை விட்டுவிடுகிறார்கள். கடும் சண்டை நாட்களின் குறிப்பு சில நாள் கழித்து, உயிரோடு மிஞ்சியவர் நினைவிலிருந்து எழுதியதாக இருக்கும். நேரங்களில் பிசகு வரும்.

இரண்டாம் உலகப் போருக்குத் தொடர்கள் களவாரியாகப் பிரிகின்றன. மத்தியக் கிழக்குக்கு டபிள்யூஓ 169, தென்கிழக்கு ஆசியாவுக்கு டபிள்யூஓ 172. அலகு களம் மாறும்போது கோப்பும் தொடர் மாறும். 1941 கோடையில் ஈராக் இந்தியத் தலைமையிடமிருந்து மத்தியக் கிழக்குத் தலைமைக்குப் போய் மீண்டும் இந்தியாவிடம் திரும்பியது. அந்த மாதங்களில் 10ஆவது டிவிஷனோடு ஈராக், சிரியா, ஈரான் என்று நகர்ந்த ஸ்லிம்மைப் பின்தொடர ஒரு தொடர் போதாது.

மேல்நிலைக்குப் போகப் போக டைரியின் இயல்பும் மாறும். பட்டாலியன் டைரி மண்ணையும் மழையையும் சொல்லும். ஆர்மி டைரி வண்டிகளையும் டன் கணக்கையும் விமான வழங்கலையும் சொல்லும். 1943 அக்டோபரில் பொறுப்பேற்ற 14ஆவது ஆர்மியின் தளபதியாக ஸ்லிம் செய்ததைப் புரிந்துகொள்ள, வழங்கல், மருத்துவப் பிரிவுகளின் கோப்புகளைப் படிக்காமல் முடியாது. மலேரியாவும் சாலையும் அங்கே எதிரிக்கு இணையான சிக்கல்கள்.

தனிக்கோப்பு, பதக்கம், விருது

முதல் உலகப் போர் அதிகாரிகளின் முதன்மைக் கோப்புகள் 1940-இல் லண்டன் மீதான குண்டுவீச்சில் எரிந்தன. தப்பிய கடிதக் கோப்புகள் டபிள்யூஓ 339, டபிள்யூஓ 374 என்ற தொடர்களில் உள்ளன. ஆனால் 1922-க்குப் பிறகும் பணியில் நீடித்தவர்களின் கோப்புகள் பொதுவாக இவற்றில் சேரவில்லை. இரண்டு போர்களையும் கண்ட மூத்த அதிகாரி என்றாலே இந்த வகைதான், எனவே இங்கே தேடி ஏமாற வேண்டாம். இந்திய ராணுவ அதிகாரிகளின் கோப்புகள் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா அலுவலகத் தொகுப்பில், எல்/மில்/14 தொடரில் இருக்கின்றன. தனியுரிமைக்காகச் சில இன்னும் மூடப்பட்டிருக்கும். மூத்த தளபதிகளின் சொந்தத் தாள்களுக்கு வேறு இடங்கள்: ஸ்லிம்முடையவை கேம்பிரிட்ஜின் சர்ச்சில் ஆவண மையத்தில், ஆகின்லெக்குடையவை மான்செஸ்டரின் ஜான் ரைலண்ட்ஸ் நூலகத்தில்.

பதக்க அட்டைகள் டபிள்யூஓ 372 தொடரில். முதல் போரில் பணியாற்றிய அதிகாரிகள் பதக்கத்துக்குத் தாங்களே விண்ணப்பிக்க வேண்டியிருந்தது. அட்டை இல்லை என்பது போருக்குப் போகவில்லை என்பதற்குச் சான்றாகாது.

விருதுகளில் மூன்று தேதிகள் உண்டு: செயல் நடந்த நாள், கெஜட்டில் வந்த நாள், கையில் வாங்கிய நாள். மெசபடோமியாவில் 1917-இல் காட்டிய வீரத்துக்கான ஸ்லிம்மின் மிலிட்டரி கிராஸ் 1918 பிப்ரவரியில்தான் அறிவிக்கப்பட்டது. நைட் பட்டம் 1944 செப்டம்பரில் அறிவிக்கப்பட்டு, டிசம்பரில் இம்பாலில் வைஸ்ராய் வேவல் கையால் வழங்கப்பட்டது. ஸ்கூன்ஸ், கிறிஸ்டிசன், ஸ்டாப்ஃபோர்ட் ஆகிய மூன்று கோர் தளபதிகளும் அதே நிகழ்வில் பெற்றார்கள். புத்தாண்டு, அரசர் பிறந்தநாள் பட்டியல்களில் வரும் விருதுகளுக்குப் பெரும்பாலும் விளக்கக் குறிப்பு இருக்காது. இரண்டாம் போர் விருதுகளின் பரிந்துரைத் தாள்கள் டபிள்யூஓ 373 தொடரில் கிடைக்கும், கெஜட்டில் இல்லாத விவரம் அங்கே இருக்கும்.

இடைப்பட்ட இருபது ஆண்டுகள்

1919 முதல் 1939 வரையிலான வரிகளை நிரப்பாமல் விட்டுவிடும் வரலாறுகள் ஏராளம். தளபதி உருவாவது அங்கேதான். குவெட்டா ஸ்டாஃப் கல்லூரி, தில்லித் தலைமையகம், இங்கிலாந்தின் கேம்பர்லி ஸ்டாஃப் கல்லூரியில் பயிற்றுநர், லண்டன் இம்பீரியல் டிஃபென்ஸ் கல்லூரி, 1938-இல் 7ஆவது கூர்க்கா ரைபிள்ஸின் இரண்டாம் பட்டாலியன், 1939-இல் பெல்காம் மூத்த அதிகாரிகள் பள்ளி என்று ஸ்லிம்மின் வரிசை போகிறது. ஒவ்வொரு கல்லூரியிலும் உடன் இருந்தவர் யார், கற்பித்தவர் யார் என்று பாருங்கள். 1942-இல் யார் யாரைக் கேட்டு வாங்கினார்கள் என்பதற்கு விடை பெரும்பாலும் அந்தப் பெயர்ப் பட்டியல்களில் இருக்கும்.

இந்தக் காலத்தில் அலகுகளின் பெயர்களும் மாறின. 1922 மறுசீரமைப்பில் இந்தியக் காலாட்படை பெரிய ரெஜிமென்டுகளாகத் தொகுக்கப்பட்டது. பழைய 73ஆவது கர்நாடிக் காலாட்படை, 3ஆவது மெட்ராஸ் ரெஜிமென்டின் முதல் பட்டாலியன் ஆனது. அந்த ரெஜிமென்டே அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் கலைக்கப்பட்டு, இரண்டாம் போர்க் காலத்தில் மீண்டும் எழுப்பப்பட்டது. பழைய எண், புதிய எண் இரண்டையும் அட்டவணையில் எழுதிவையுங்கள்.

முரண்பாடுகளைத் தீர்ப்பது

நினைவுக் குறிப்பு ஒன்றும் டைரி வேறொன்றும் சொன்னால், தேதிக்கும் இடத்துக்கும் டைரியை எடுங்கள், எண்ணத்துக்கும் காரணத்துக்கும் நினைவுக் குறிப்பை எடுங்கள். 1940 நவம்பரில் சூடான் எல்லையில் கல்லபாட் சண்டை நல்ல பயிற்சிக் களம். கோட்டையைப் பிடித்த பிறகு இத்தாலிய விமானத் தாக்குதலில் எசெக்ஸ் பட்டாலியனைச் சேர்ந்த சிலர் பின்வாங்கினார்கள். என்ன நடந்தது என்பது பின்னர் விவாதத்துக்குள்ளானது. இப்படிப்பட்ட இடத்தில் ஒரு தரப்பை மட்டும் எழுதுவது நேர்மையல்ல. பிரிகேட் டைரி, பட்டாலியன் டைரி, ரெஜிமென்ட் வரலாறு மூன்றையும் பக்கத்தில் வைத்து எங்கே ஒத்துப்போகின்றன, எங்கே விலகுகின்றன என்று எழுதுங்கள்.

நியமன அறிவிப்பும் பொறுப்பேற்பும் வேறு வேறு நாட்கள். 1945 மே மாதம் ரங்கூன் வீழ்ந்த சில நாட்களில், மேலதிகாரி ஆலிவர் லீஸ் ஸ்லிம்மிடம் 14ஆவது ஆர்மியை விட்டுக்கொடுக்கச் சொன்னார். அந்த முடிவு நிலைக்கவில்லை. ஜூலையில் லீஸே மாற்றப்பட்டு அவருடைய இடம் ஸ்லிம்முக்கு அறிவிக்கப்பட்டது, அவர் பொறுப்பேற்றது ஆகஸ்டில். மே முதல் ஆகஸ்ட் வரை நான்கு வரிகள் தேவைப்படும் இந்த இடத்தைப் பல நூல்கள் ஒரே வரியில் முடித்துவிடுகின்றன.

1942 மார்ச்சில் அவர் ஏற்ற பர்மா கோரின் பின்வாங்கலை எழுதும் தமிழர்கள் இன்னொரு தாளையும் பக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். அதே மாதங்களில், அதே மலைத் தடங்களில், பர்மாவிலிருந்து நடந்தே வெளியேறிய இந்தியர்களில் தமிழர்கள் பெரும் எண்ணிக்கையில் இருந்தார்கள். ராணுவக் கோப்புகளில் அவர்கள் 'அகதிகள் சாலையை அடைத்தனர்' என்ற அளவில் மட்டுமே வருவார்கள். முழுப் படம் வேண்டுமென்றால் குடியியல் நிர்வாகக் கோப்புகளையும் தேடுங்கள்.

குடும்பத்து அதிகாரியைத் தேடும்போது

'தாத்தா மேஜராக இருந்தார்' என்ற நினைவைச் சோதிக்க வேண்டும். அன்றைய இந்திய ராணுவத்தில் ஜமேதார், சுபேதார், சுபேதார் மேஜர் என்பவர்கள் வைஸ்ராயின் கமிஷன் (அதிகாரி நியமன ஆணை) பெற்றவர்கள். சுபேதார் மேஜர் பட்டாலியனின் மிக மதிப்புக்குரிய இந்தியர்; ஆனால் அது வேறு படிநிலை. ஓய்வின்போது அவருக்குக் கௌரவ லெப்டினன்ட் அல்லது கேப்டன் தரமும் கிடைக்கலாம். இவர்கள் பெயர் லண்டன் கெஜட்டில் அரிதாகவே வரும், இந்திய ஆர்மி லிஸ்டில் தேடுங்கள்.

அரசரின் முழு கமிஷன் காலாட்படை, குதிரைப்படை இந்தியர்களுக்கு 1917 ஆகஸ்டில்தான் முதன்முதலாக, ஒன்பது பேருக்குக் கிடைத்தது. ஆகவே 1915-இல் கேப்டனாக இருந்த தமிழர் என்று குடும்பக் கதை சொன்னால், அவர் மருத்துவராக இருந்திருக்க வாய்ப்பு அதிகம். இந்திய மருத்துவப் பணியில் இந்தியர்கள் முன்பே கமிஷன் பெற்றிருந்தார்கள். அந்தப் பணிக்கான பட்டியல் ஆர்மி லிஸ்டில் தனிப் பகுதியாக இருக்கும்.

மெட்ராஸ் ரெஜிமென்டைச் சேர்ந்தவர் என்றால் நீலகிரி வெலிங்டனில் உள்ள ரெஜிமென்ட் மையத்துக்கும், மெட்ராஸ் சாப்பர்ஸ் (பொறியாளர் படை) என்றால் பெங்களூருக்கும் எழுதுங்கள். கடிதத்தில் படை எண், முழுப்பெயர், தந்தை பெயர், சொந்த ஊர், சேர்ந்த ஆண்டு, ஓய்வூதிய ஆணை எண் ஆகியவற்றைக் கொடுங்கள். படை எண் தெரியாவிட்டால் பதக்கத்தின் விளிம்பைப் பூதக்கண்ணாடியில் பாருங்கள். முதல் உலகப் போர்ப் பதக்கங்களில் பெயரும் அலகும் பொறிக்கப்பட்டிருக்கும். சாதாரண வீரருக்கு எண்ணும் இருக்கும், அதிகாரிக்கு எண் இல்லாமல் தரம் மட்டும் இருக்கும். அந்த விளிம்பைத் தேய்த்துப் பளபளப்பாக்காதீர்கள், எழுத்து அழிந்துவிடும்.